துணைக்கால் இல்லையேல்

தமிழ் எழுத்துகளை முதன்முதலாகக் கற்கும் குழந்தையின் முன்னே ஆசிரியர் கரும்பலகையில் ‘கல்’ என்று எழுதுகிறார். முதலெழுத்தை அடுத்து ஒரு சிறு குறியை இடுகிறார். கல், கால் ஆகிறது. அவ்வாறே பல், பால் ஆகிறது; படம், பாடம் ஆகிறது. அந்தக் குறிக்குத் துணைக்கால் என்று பெயர். தனித்து நின்றால் அதற்கு ஒலியில்லை, பொருளுமில்லை. ஆயினும் அது வந்து நில்லாவிடின் ‘கால்’ என்னும் சொல்லே தமிழில் எழுந்து நிற்காது.

சற்று வளர்ந்த மாணவனுக்கு அதே ஆசிரியர் துணைவினையைக் கற்பிக்கிறார். ‘வந்தான்’ என்பது வெறும் செய்தி. ‘வந்துவிட்டான்’ என்றால் அதில் ஒரு நிறைவு இருக்கிறது. ‘வந்து தொலைத்தான்’ என்றால் அதில் வெறுப்பு இருக்கிறது. வருதல் என்னும் தொழில் ஒன்றே. அதற்கு உணர்ச்சியை ஊட்டுவது துணைவினை. வள்ளுவப் பெருந்தகையோ இல்லறத்திற்கு ‘வாழ்க்கைத் துணைநலம்’ என்றும், அரசாட்சிக்குப் ‘பெரியாரைத் துணைக்கோடல்’ என்றும் தனித்தனி அதிகாரங்களையே வகுத்தார். எழுத்திலும் சொல்லிலும் வாழ்விலும் ஆட்சியிலும் ‘துணை’ என்பது உயர்ந்த சொல். தாங்கி நிற்பதைக் குறிக்கும் சொல்.

இத்தகைய சொல்லைத் தமிழ்த் திரையுலகமும், அதனை அண்டி வாழும் செய்தித்தாள்களும் என்ன பாடுபடுத்திவிட்டன! ‘துணை நடிகை’ என்ற தொடரை இன்று ஒரு செய்தித்தாளில் காணும் வாசகர் எதை எதிர்பார்க்கிறார்? ஒரு கைது, ஒரு தற்கொலை, ஒரு வழக்கு. கலையைப் பற்றிய செய்தியை அன்று. கூட்டக் காட்சியில் ஒரு நாள் கூலிக்கு நின்றவரும் துணை நடிகை; நூறு படங்களில் தாயாக நின்று கதையைத் தாங்கியவரும் துணை நடிகை. ‘குணச்சித்திர நடிகை’ என்ற மற்றொரு பெயரும் வழக்கில் உண்டு. ஆனால், அந்த மரியாதை பெரும்பாலும் இரங்கற் செய்தியில்தான் வந்து சேர்கிறது. உயிரோடு இருக்கும்வரை அவர் ‘அந்த அம்மா’; ‘அந்தப் பாட்டி’. திரையிலும் சுவரொட்டியிலும் அவருக்கு உரிய இடம் ‘மற்றும் பலர்’ என்ற இரண்டு சொற்களுக்குள்ளே இருக்கிறது.

‘மற்றும் பலர்’ என்பது எவ்வளவு கொடிய தொடர் என்பதைத் தமிழாசிரியர் எண்ணிப் பார்த்தல் வேண்டும். பலர் என்பது பலர்பாற் சொல். பலரைச் சுட்டுவதற்காகப் பிறந்த அச்சொல், இங்கே ஒவ்வொருவர் பெயரையும் விழுங்குவதற்குப் பயன்படுகிறது.

சென்னல்குடியிலிருந்து வந்த ஒருவர்

எடுத்துக்காட்டின்றி வாதாடுவது ஆசிரியர்க்கு அழகன்று. ஆகவே ஒருவருடைய கலை வாழ்வை எடுத்துக்கொள்வோர் உண்மையை எளிதில் காண்பர். எஸ். என். இலட்சுமி என்று சொன்னால், பினாங்கிலே தமிழ்ப் படம் பார்க்கும் பத்துப் பேரில் எத்தனை பேர் அவரை அறிவர்? ஆனால் அவருடைய முகத்தைக் காட்டினால் அறியாதவர் ஒருவரும் இரார். பெயர் தெரியாத அந்தப் புகழ், முகத்தோடு நின்றுவிட்ட அந்தப் புகழ், யாருடைய குற்றம்?

விருதுநகரை அடுத்த சென்னல்குடி என்னும் சிற்றூர் அவருடைய பிறப்பிடம். சிறு வயதிலேயே வீட்டை விட்டு வெளியேறிக் கலையை நாடிச் சென்னைக்கு வந்தவர். 1948இல் வெளிவந்த ஜெமினியின் ‘சந்திரலேகா’வில் புகழ்பெற்ற முரசு நடனம் ஒன்று உண்டு. மாபெரும் முரசுகளின்மேல் கூட்டங்கூட்டமாகப் பெண்கள் ஆடிய அந்தக் காட்சியில் இலட்சுமியும் ஒருவர். படத்தைத் தயாரித்து இயக்கிய எஸ். எஸ். வாசனை உலகம் அறியும், நாயகி டி. ஆர். இராசகுமாரியை உலகம் அறியும். முரசின்மேல் ஆடிய பெண்களை அறிந்தவர் எவர்?

பின்னர் அவர் கலைவாணர் என். எஸ். கிருட்டிணனின் நாடகக் குழுவில் பயின்றார். அக்காலத்து நாடக மேடை எளிதான பள்ளியன்று. கடைசி வரிசையில் தரையில் அமர்ந்திருப்பவரின் செவிக்கும் ழகரமும் ளகரமும் பிரிந்து கேட்க வேண்டும். தவறினால் அவையோர் அங்கேயே நகைப்பர். அந்தப் பயிற்சியே அவருக்குப் பின்னர்த் திரையில் அரை நூற்றாண்டுக் காலம் சோறு போட்டது. தாயாக, மாமியாராக, பாட்டியாக அவர் ஏற்ற வேடங்கள் எண்ணற்றவை. தமிழக அரசின் கலைமாமணி விருதும் அவரைத் தேடி வந்தது. முதுமையிலும் ஓய்வை நாடாமல் தொலைக்காட்சித் தொடர்களில் நடித்தார். 2012ஆம் ஆண்டு பிப்பிரவரித் திங்களில் சென்னையில் மறைந்தார். அத்தனை ஆண்டுகளிலும் ஒரு படத்திலேனும் அவர் கதைத்தலைவி ஆனதில்லை.

இதைக் கேட்டதும், ‘சிறு வேடங்களில் நடித்தவர், அவ்வளவுதானே!’ என்று சொல்லுவோர் உண்டு. சிறு வேடம் என்பதற்கு அளவுகோல் யாது? திரையில் நிற்கும் நிமிடங்களா? அல்லது கதையில் அவ்வேடம் தாங்கும் சுமையா? மூன்று படங்கள் இதற்கு விடை கூறும்.

மூன்று சான்றுகள்

முதலாவது, 1964இல் கிருட்டிணன்-பஞ்சு இயக்கத்தில் வந்த ‘சர்வர் சுந்தரம்’. உணவுவிடுதியில் பரிமாறும் ஓர் ஏழை இளைஞன், திரைப்பட நடிகனாகிப் பெரும் புகழ் அடைகிறான். அவனுடைய தாய் இலட்சுமி. மகன் உயர்கிறான்; வீடு பெரிதாகிறது; பணம் குவிகிறது. ஆனால் தாய் உயிர் விடும் வேளையில் மகன் அவள் அருகில் இல்லை. அந்த இழப்புக்குப் பிறகுதான் புகழின் வெறுமை அவனுக்கு விளங்குகிறது. இறுதியில் அவன் மீண்டும் பரிமாறுபவனாகவே திரும்புகிறான். தாயின் மரணத்தை எடுத்துவிட்டால் அந்தக் கதைக்கு முடிவு ஏது? படத்தின் அறமே அவள் தோளில் அன்றோ இருக்கிறது! மற்றொன்றையும் கருத வேண்டும். மகனாக நடித்த நாகேசு 1933இல் பிறந்தவர். தாயாக நடித்த இலட்சுமி அவரினும் ஏறத்தாழ ஆறாண்டுகளே மூத்தவர். தமக்கையாக நிற்க வேண்டிய வயதில் முதுமையை முகத்தில் ஏற்றி, குரலில் ஏற்றி, நடையில் ஏற்றி, காண்பவர் ஐயுறாதவாறு தாயாகி நின்றதற்குப் பெயர் கலையன்றி வேறு யாது?

இரண்டாவது, 1994இல் சந்தானபாரதி இயக்கிய ‘மகாநதி’. மனைவியை இழந்த நாயகன் வஞ்சகரால் சிறைக்குச் செல்கிறான். அவனுடைய இரு பிள்ளைகளையும் காத்து நிற்பவர் மாமியார், அவ்வேடம் இலட்சுமியுடையது. அவர் நோயுற்று மறைந்த பிறகு குடும்பம் சிதறுகிறது. மகன் தெருவில் வித்தை காட்டுவோருடன் அலைகிறான். மகளோ கல்கத்தாவின் இழிந்த தெருவொன்றில் விற்கப்பட்டுக் கிடக்கிறாள். ஒரு கிழவி இருந்தவரை அது குடும்பம். அவர் போனதும் அது இடிபாடு. தூண் எது, சுவரில் தீட்டிய ஓவியம் எது என்பதை இதைவிடத் தெளிவாக யாரே காட்டுவர்?

மூன்றாவது, 1990இல் சிங்கீதம் சீனிவாசராவ் இயக்கிய ‘மைக்கேல் மதன காமராசன்’. இங்கே அழுகை இல்லை, சிரிப்பு. திருமண வீடுகளில் கைக்கு எட்டிய பொருளைச் சத்தமின்றி எடுத்து ஒளித்துக்கொள்ளும் பாட்டியாக இலட்சுமி வருகிறார். பாலக்காட்டு வழக்குத் தமிழ் அவர் வாயில் இயல்பாகப் புரள்கிறது. அதே இலட்சுமி 2004இல் வந்த ‘விருமாண்டி’யில் நாயகனின் பாட்டியாகத் தென்பாண்டிச் சிற்றூர்க் கிழவியின் பேச்சைப் பேசுகிறார். கரிசல் நிலத்தில் பிறந்தவர்க்கு இரண்டாவது வழக்கு தாய்வழி வந்தது எனலாம். முதலாவது? அது உழைப்பால் வந்தது. வட்டார வழக்கு என்னும் பாடத்தைக் கற்பிக்கத் தவிக்கும் தமிழாசிரியர், இவ்விரு படங்களின் இரண்டு காட்சிகளை அடுத்தடுத்துக் காட்டினால், ஒரு திங்கள் விரிவுரை செய்ய வேண்டிய வேலை அரைமணி நேரத்தில் முடிந்துவிடும்.

மகனுக்கு இளைய தாய்

ஒருவருடைய வாழ்வை மட்டும் கூறினால், அது தனி ஒருவரின் ஊழ் என்று ஒதுக்கிவிடுவர். ஆகவே மற்றொருவரையும் நோக்குதல் வேண்டும்.

1952இல் வெளிவந்த ‘பராசக்தி’யில் சிவாசி கணேசனுக்குத் துணைவியாகும் கதைத்தலைவி பண்டரிபாய். அதே பண்டரிபாய் 1969இல் வந்த ‘தெய்வ மகன்’ படத்தில் சிவாசிக்கு மனைவியாகவும் தாயாகவும் நடித்தார். தந்தையும் இரு மைந்தரும் ஆகிய மூன்று வேடங்களையும் சிவாசியே ஏற்றார். பதினேழு ஆண்டுகளில் நாயகன் மீண்டும் இளைஞனாக வந்து நிற்க முடிந்தது. நாயகியோ தாயாக மட்டுமே வர முடிந்தது. 1968இல் ‘குடியிருந்த கோயில்’ படத்தில் எம்.சி.ஆருக்குத் தாயாகவும் அவரே நடித்தார். எம்.சி.ஆர். 1917இல் பிறந்தவர், தாயாக நடித்த பண்டரிபாய் அவரைவிடப் பத்தாண்டுக்கு மேல் இளையவர்! இயற்கையின் விதியையே புரட்டிப் போட்ட இந்த விந்தையைக் கண்டு எவரும் சிரிக்கவில்லை. ஏன்? அந்த அம்மையார் அத்துணை நேர்த்தியாகத் தம் இளமையை மறைத்துக் கொடுத்தார். நாயகனின் இளமை, ஒப்பனையால் மட்டும் வந்ததன்று. அருகில் நின்ற ஒரு பெண் தன் இளமையை விட்டுக்கொடுத்ததாலும் வந்தது. அந்த விட்டுக்கொடுத்தலுக்குக் கிடைத்த பட்டந்தான் ‘துணை நடிகை’.

பிற நாடுகளின் நடைமுறை

இந்தக் குறை தமிழர்க்கு மட்டும் உரியதன்று என்பது உண்மை. அமெரிக்க நாட்டின் ஆசுகார் பரிசு, துணைப் பாத்திரங்களுக்கு 1937ஆம் ஆண்டு விழாவிலேதான் முதன்முதலாக வழங்கப்பெற்றது. அப்போதும், முதன்மை நடிகர்க்குப் பொற்சிலை. துணைப் பாத்திரம் ஏற்றவர்க்கு ஒரு பட்டயம் மட்டுமே. 1944ஆம் ஆண்டு விழாவிலிருந்துதான் இரு சாரார்க்கும் ஒரே சிலை என்றாயிற்று. இடையில் 1940இல், ‘கான் வித் தி விண்ட்’ படத்தில் பணிப்பெண்ணாக நடித்த ஆட்டி மெக்டேனியல் என்னும் கறுப்பின நடிகை அப்பரிசைப் பெற்றார். அவ்வினத்தில் ஆசுகார் பெற்ற முதல்வர் அவரே. விழா மண்டபத்தில் அவருக்குத் தம் படக்குழுவினருடன் அமர இடமில்லை. சுவரோரத்தில் தனி மேசை. துணை என்னும் சொல்லுக்கு உலகம் தந்த மதிப்பு அவ்வளவுதான்.

ஆனால் பிற நாட்டார் தவற்றை உணர்ந்து திருத்தினர். பிரான்சு நாட்டின் சேசார் பரிசுகள் 1976இல் தொடங்கிய முதல் விழாவிலேயே துணைப் பாத்திரம் ஏற்ற நடிகர்க்கும் நடிகைக்கும் தனிப் பரிசுகள் இருந்தன. இந்தியாவிலோ, அரசின் தேசியத் திரைப்பட விருதுகள் 1954இல் தொடங்கின. துணைப் பாத்திரங்களுக்கான விருதோ 1984ஆம் ஆண்டின் படங்களுக்குத்தான் முதலில் வந்தது. இடையே முப்பதாண்டு! இலட்சுமி போன்றோரின் வலிமை மிக்க ஆண்டுகள் அந்த இடைவெளியிலேயே கரைந்தன. 1989இல் வந்த ‘புதிய பாதை’க்காக மனோரமா அவ்விருதைப் பெற்றார் என்பது ஓர் ஆறுதல்.

பிரெஞ்சு மொழியினர் இத்தகைய வேடத்தை ‘இரண்டாம் பாத்திரம்’ என்பர். ஆங்கிலேயர் ‘தாங்கும் பாத்திரம்’ என்பர். தமிழில் இருப்பதோ ‘துணை’. இரண்டினும் இனிய சொல். சிறந்த சொல்லை வைத்துக்கொண்டு அதனை இழிவாக்கிய பெருமை தமிழர்க்கே உரியது.

மறுப்போர் கூற்று

இக்கருத்தை மறுப்போர் மூன்று வகையினர்.

‘திரைப்படத்திற்கும் தமிழ்ப்பள்ளிக்கும் என்ன தொடர்பு? ஆசிரியர் இலக்கியம் கற்பிக்கட்டும்’ என்பர் முதல் வகையினர். அவர்கள் இலக்கியத்தையாவது நோக்கட்டும். சிலப்பதிகாரத்தில் தலைவி கண்ணகி, தலைவன் கோவலன். ஆனால் இளங்கோவடிகள் அவ்விருவரோடு நின்றாரா? கண்ணகியின் தோழி தேவந்திக்குப் பெயர் தந்தார். மதுரைக்கு வழித்துணையாக வந்த கவுந்தியடிகளுக்குப் பெயர் தந்தார். அடைக்கலம் தந்த இடைக்குல முதுமகள் மாதரிக்கும், அவள் மகள் ஐயைக்கும் பெயர் தந்தார். மாதவியின் திருமுகத்தைச் சுமந்து சென்ற வசந்தமாலைக்கும் பெயர் தந்தார். கோவலன் கொலையுண்ட செய்தி கேட்டு மாதரி தீயில் வீழ்ந்ததையும், கவுந்தியடிகள் உண்ணா நோன்பிருந்து உயிர் விட்டதையும் மறவாமல் பதிவு செய்தார். சேர நாட்டுத் துறவியின் காப்பியத்தில் ‘மற்றும் பலர்’ இல்லை. துணைப் பாத்திரத்தை மதிப்பது மேனாட்டிலிருந்து இறக்குமதியான கொள்கையன்று. தமிழ்க் காப்பியம் வகுத்த நெறி. அதைப் பாடமாக நடத்திவிட்டு, வகுப்பறைக்கு வெளியே மறப்பதே முரண்.

இரண்டாம் வகையினர் வணிகம் பேசுவர். ‘நாயகன் முகத்துக்காகவே மக்கள் சீட்டு வாங்குகின்றனர்; பெயரும் அவனுக்கே’ என்பது அவர்தம் கூற்று. சீட்டு வாங்கும்போது நாயகன் முகம் போதும், ஒப்புக்கொள்ளலாம். ஆனால் படம் முடிந்து கண்ணைத் துடைத்துக்கொண்டு வெளிவருபவர் யாரை எண்ணித் துடைத்துக்கொள்கிறார்? பெரும்பாலும் அந்தத் தாயை எண்ணியே. வணிகன் வாயிலை மட்டும் காக்கட்டும். ஆசிரியரும் அவனுடன் சேர்ந்து வாயிலிலேயே நின்றுவிடலாமா?

மூன்றாம் வகையினர், ‘அவர்கள் தாமே விரும்பி ஏற்ற தொழில், ஊதியமும் பெற்றனர், இனி என்ன வேண்டும்?’ என்பர். ஊதியம் உழைப்புக்குரியது. பெயர் மாந்தர்க்குரியது. ஒன்றைக் கொடுத்து மற்றொன்றை மறுப்பதற்கு எந்த அறநூலும் இடந்தரவில்லை.

பினாங்குக்கு இதில் என்ன?

இது சென்னையின் வழக்கு. பினாங்கிலிருந்து கொண்டு ஏன் இத்துணைச் சினம் என்று கேட்போர்க்கும் விடை உண்டு.

சோர்ச்டவுனில், 1929ஆம் ஆண்டு மார்ச்சு 22ஆம் நாள் பி. ரம்லி பிறந்தார். அவர் பிறந்த வீடு இன்று நினைவில்லமாகக் காக்கப்படுகிறது. அவ்வீடு இருக்கும் சாலையே அவர் பெயரைத் தாங்கி நிற்கிறது. மலாய்த் திரையுலகின் அந்தப் பெருங்கலைஞர் நாயகனாகத் தோன்றியவரல்லர். 1948இல் பி. எசு. ராசன்சு இயக்கிய ‘சிந்தா’வில் தீயவனாகச் சிறு வேடம் ஏற்றார், நாயகனுக்குப் பின்னணியில் பாடினார். குரல் அவருடையது, முகம் மற்றொருவருடையது. இரண்டாண்டுகள் கழித்து, 1950இல், சென்னையில் பிறந்த எல். கிருட்டிணன் ‘பக்தி’ என்ற படத்தில் அவரை நாயகனாக்கினார். சிறு வேடக்காரரைக் கூர்ந்து நோக்கும் கண் ஒருவருக்கு இருந்தது. மலாய் மொழிக்கு ஒரு மேதை கிடைத்தார். அந்தக் கண் இல்லாதிருந்தால் ரம்லியும் ‘மற்றும் பல’ருள் ஒருவராகவே போயிருக்கக்கூடும்.

அதே சோர்ச்டவுனில் 1818இல் கட்டி முடிக்கப்பெற்ற செயின்ட் சார்ச்சு தேவாலயம் இருக்கிறது. அதனை வடிவமைத்த ஆங்கிலத் தளபதியின் பெயரை வழிகாட்டி நூல்கள் தவறாமல் கூறும். அதைக் கட்டி எழுப்பியவர்கள் இந்தியாவிலிருந்து கொண்டுவரப்பட்ட கைதிகள். அவர்கள் பெயர்களை வழிகாட்டி நூல்கள் கூறுவதில்லை. இத்தீவின் சாலைகளிலும் துறைமுகத்திலும், எதிர்க்கரையின் தோட்டங்களிலும் உழைத்த தமிழரின் வரலாறும் பெரும்பாலும் ‘மற்றும் பலர்’ என்பதற்குள் அடங்கியதே. தம் முன்னோரைப் பெயரின்றிப் புதைத்த வரலாற்றின்மீது குறைகூறும் ஒரு சமூகம், தன் கலைஞரைப் பெயரின்றிப் புதைக்கலாமா? பிறர் செய்தால் கொடுமை, தாம் செய்தால் வழக்கமா?

பினாங்கு மாநிலத்தில் 28 தமிழ்ப்பள்ளிகள் உள்ளன. அவற்றில் பயிலும் குழந்தைகள் அனைவரும் நாயகராக வளரப் போவதில்லை. ஒருவர் மருத்துவராவார், அவர் அருகே பத்துப் பேர் தாதியராவர். ஒருவர் மேலாளராவார், நூறு பேர் எழுத்தராகவும் பொறியினைஞராகவும் ஓட்டுநராகவும் இருப்பர். முதலிடம் மட்டுமே வாழ்வு என்று பள்ளியிலேயே கற்பித்துவிட்டால், அந்த நூறு பேரும் தம்மைத் தோற்றவராகவே எண்ணி வாழ்நாளைக் கழிப்பர். துணை நிற்பதும் ஒரு மேன்மை என்று கற்பித்தால், அவர்கள் தலை நிமிர்ந்து தம் பணியைச் செய்வர்.

இந்த இடத்தில் தமிழாசிரியரும் குற்றக் கூண்டில் நின்றே ஆக வேண்டும். ஆண்டுவிழா நாடகங்களை எண்ணிப் பார்க்கட்டும். கண்ணகியாக நடித்த மாணவிக்கு வெற்றிக் கிண்ணம்; ஒளிப்படத்தில் நடுவிடம்; பெற்றோர்க்கு முன்வரிசை. மாதரியாக நடித்த மாணவியின் பெயர் நிகழ்ச்சி நிரலில் இருக்கிறதா? பல பள்ளிகளின் நிரல்களில் அங்கும் ‘மற்றும் பலர்’ என்றே அச்சாகியிருக்கும். திரையுலகின் பிழையை ஏசும் கையே அந்தச் சொற்களை எழுதியிருக்கும்! ஆறு வாரம் பயிற்சிக்கு வந்து, தன் நான்கு வரிகளைப் பிழையின்றிச் சொல்லி, தலைவி உரையை மறந்த வேளையில் மெல்ல எடுத்துக் கொடுத்துக் காத்தவள் அந்தச் சிறுமியாகவும் இருக்கலாம். அவள் தன் பெயரை நிரலில் விரலால் தேடுவாள். காணாமல் தாளை மடித்து வைப்பாள். அடுத்த ஆண்டு நாடகத்திற்குப் பெயர் கொடுக்கமாட்டாள். தமிழ் ஒரு குரலை இழந்துவிடும்.

செய்யத்தக்கவை

சினத்தோடு நின்றுவிடுவது பயன் தராது, செய்யத்தக்கவை உள. அவை பெரும்பொருள் வேண்டுவன அல்ல.

பள்ளி நாடகத்தின் நிகழ்ச்சி நிரலில் மேடையேறிய ஒவ்வொரு மாணவரின் பெயரும், திரைச்சீலையை இழுத்த மாணவரின் பெயரும் உட்பட, முழுமையாக அச்சேற வேண்டும். சிறந்த துணைப் பாத்திரத்திற்கு, முதன்மைப் பரிசுக்கு இணையான பரிசு வைத்தல் வேண்டும். பட்டயம் ஒருவர்க்கும் சிலை ஒருவர்க்கும் என்ற பழைய அமெரிக்கப் பிழை இங்கு நுழையலாகாது. ‘எனக்குப் பிடித்த நடிகர்’ என்று கட்டுரைத் தலைப்புத் தரும் ஆசிரியர், ஒரு முறையேனும் ‘பெயர் அறியாத ஒரு நடிகையின் பெயரைக் கண்டறிந்து எழுதுக’ என்று தலைப்புத் தரட்டும். மாணவர் படத்தின் தொடக்கத்தில் ஓடும் பெயர்ப்பட்டியலை முதன்முறையாகப் படிப்பர், வீட்டில் பாட்டியிடம் கேட்பர், தேடுவர், எழுதுவர். மொழிப்பாடத்திற்கு அதைவிட நல்ல பயிற்சி ஏது? செய்தியாளராகப் போகும் மாணவர் ஒருவரேனும், ‘துணை’ என்ற சொல்லைக் குற்றச் செய்தியின் தலைப்பில் மலிவாக எறியத் தயங்குவார்.

சென்னல்குடி இலட்சுமி இனி எந்தப் பரிசையும் வாங்க வரப்போவதில்லை. அவருக்கு இனி வேண்டுவது ஒன்றுமில்லை. வேண்டுவது தமிழ் கற்கும் தலைமுறைக்கே. தாங்கி நிற்பவரின் பெயரைக் கேட்டறியும் பண்பு அதற்கு வேண்டும். அப்பண்பு வாய்க்குமாயின், திரையில் காணும் படமும் பாடமாகும். ‘படம்’ என்பது ‘பாடம்’ ஆவதற்குத் தேவைப்படுவது ஒரே ஒரு துணைக்கால்தான் என்பதை, தமிழாசிரியர்க்கு வேறு யாரும் எடுத்துச் சொல்ல வேண்டியதில்லை.